பாப் ராஸ்: ஓவியரா, டிவி வாத்தியாரா?

கரித்துண்டு | 13 நவம்பர் 2025, காலை 9.12

அமெரிக்க டிவியில் அரை மணிக்கு ஒரு படம் என்று வரைந்து கற்றுக்கொடுத்த பாப் ராஸின் மூன்று படங்கள் லாஸ் ஏஞ்சல்ஸ் ஏலத்தில் ஆறு லட்சம் டாலருக்கு மேல் போயிருக்கின்றன. அதே மலை, அதே ஏரி, அதே ஊசியிலை மரம். ஒரே படத்தை நானூறு தடவை போட்டவரை ஓவியர் என்று கொண்டாடுவது எந்த ஊர் நியாயம்? இணையம் ஊதிப் பெருக்கிய ஆள் என்பது என் கட்சி. மறுப்பவர்கள் வரலாம்.

அரைத்தூரிகை | 13 நவம்பர் 2025, இரவு 10.40

ஒரே படம்தான், யார் மறுத்தது? 2014இல் ஃபைவ்தர்ட்டிஎய்ட் என்ற அமெரிக்கத் தளம் இதை உட்கார்ந்து எண்ணியே போட்டுவிட்டது. நிகழ்ச்சியில் அவரே வரைந்த 381 படங்களில் 91 சதவீதத்தில் மரம் உண்டு. மலை 39 சதவீதம். மனிதர்கள் அனேகமாக இல்லை. ஒரு படத்தில் கணப்பு நெருப்புக்குப் பக்கத்தில் மரத்தில் சாய்ந்தபடி ஓர் ஆள், அவரும் வெறும் நிழலுருவம். மரவீடு வரைவார், புகைபோக்கி வைக்க மாட்டார். வைத்தால் உள்ளே யாரோ குடியிருக்கிறார்கள் என்று ஆகிவிடுமே.

ஆனால் கரித்துண்டு சார், நீங்கள் படத்தை வைத்து ஆளை எடை போடுகிறீர்கள். அவர் செய்த சரக்கு படம் இல்லை, அந்த அரை மணி நேரம். வெறும் கேன்வாஸ் துணியில் தொடங்கி, பேசிக்கொண்டே, திருத்திக்கொண்டே, இருபத்தேழு நிமிடத்துக்குள் ஒரு காட்டை நிறுத்திவிட்டு "பை" சொல்லிப் போவது. நாடகம் முடிந்ததும் மேடையில் கிடக்கும் சாமான்கள்தான் அந்தப் படங்கள். சாமானுக்கு என்ன விலை போகிறது என்பது வேறு பேச்சு.

அரைத்தூரிகை | 14 நவம்பர் 2025, காலை 7.05

"முன்னாலேயே வரைந்து வைத்துவிட்டு டிவியில் நடிக்கிறார்" என்று ஒருவர் கேட்டிருந்தார். பாதி சரி. ஒவ்வொரு நிகழ்ச்சிக்கும் மூன்று படம். முதலாவது முன்கூட்டியே வரைந்தது, கேமராவுக்குத் தெரியாத இடத்தில் நிற்கும், அதைப் பார்த்துக்கொண்டே வரைவார். இரண்டாவது நாம் டிவியில் பார்ப்பது. மூன்றாவது நிகழ்ச்சிக்கு அப்புறம் நிதானமாக, புத்தகத்தில் படிப்படியாகப் போட்டோ போடுவதற்காக. டிவி படம் நிஜமாகவே அந்த நேரத்தில் வரைந்ததுதான். ஒரு சீசனின் 13 நிகழ்ச்சிகளையும் இரண்டு மூன்று நாளில் சுருட்டி எடுத்துவிடுவார்கள்.

பார்த்து வரைந்தால் ஏமாற்று என்றால் கச்சேரிக்கு முன்னால் சாதகம் செய்வதும் ஏமாற்றுதான்.

அரைத்தூரிகை | 15 நவம்பர் 2025, மாலை 6.30

மணல்மேடு கேட்டது: "பார்க்கும்போது சுலபமாக இருக்கிறது, நான் போட்டால் ஏன் சேறாகிறது?"

சேறானால் முதல் குற்றவாளி பெயிண்ட். கை அப்புறம்தான்.

அவர் வரையத் தொடங்கும் முன்பே துணி முழுக்க லிக்விட் ஒயிட் என்று ஒரு நீர்த்த வெள்ளை எண்ணெய்ப் பூச்சு இருக்கும். மெல்லிசாக. விரலால் தொட்டால் ரேகையில் வெள்ளை ஒட்ட வேண்டும், வழியக் கூடாது. அது காயும் வரை காத்திருக்காமல் அதன் மேலேயே வானம். வானம் அந்த வெள்ளையோடு கலந்து, மேலே அடர்த்தியாகவும் கீழே வெளுத்தும் தானாக இறங்கும். அதற்குத்தான் அந்தப் பூச்சே. ஈரத்தின் மேல் ஈரம். ஐரோப்பாவில் இது பல நூற்றாண்டுப் பழக்கம், ஆலா பிரிமா என்பார்கள். பாப் ராஸ் கண்டுபிடித்தது இல்லை, அவரும் அப்படிச் சொல்லிக்கொண்டதில்லை.

அடுத்தடுத்த அடுக்குகள் ஒன்றோடொன்று கலக்காமல் நிற்க ஒரே சட்டம்: கெட்டிப் பெயிண்டின் மேல் நீர்த்த பெயிண்ட் ஒட்டும். இதை எத்தனை நிகழ்ச்சியில் சொல்லியிருக்கிறார் என்று எண்ணவே முடியாது. நாம் அதைக் காதில் வாங்காமல் அடுத்து அவர் நிகழ்ச்சிக்குக் கொண்டுவரும் அணில் வருமா என்று பார்த்துக்கொண்டிருப்போம்.

மலையில் பனி வைக்கும் இடத்தைக் கவனியுங்கள். பெயிண்ட் கத்தியின் விளிம்பில் ஒரு பொடிச் சுருள் வெள்ளை எடுப்பார். கத்தியைப் படுக்கவைத்து, அழுத்தவே அழுத்தாமல், சரிவு போகும் பக்கமாக இழுப்பார். துணியின் மேட்டில் மட்டும் பெயிண்ட் பிடிக்கும், பள்ளத்தில் பிடிக்காது. அந்த விட்டுவிட்டுப் பிடித்த கோடுதான் தூரத்தில் இருந்து பாறையும் பனியுமாகத் தெரிகிறது. அழுத்தினீர்கள் என்றால் ரொட்டியில் வெண்ணெய் தடவிய மாதிரி ஆகிவிடும்.

இதற்கு விறைப்பான பெயிண்ட் வேண்டும். அவர் பெயரில் விற்பதே அப்படித்தான் தயாராகிறது. நம் கடைகளில் கிடைக்கும் மாணவர் ரகம் குழைவாக இருக்கும், மே மாத மதுரையில் இன்னும் குழையும். நான் செய்வது இதுதான். பெயிண்டைப் பழைய நியூஸ்பேப்பரில் பிதுக்கி ஒரு மணி நேரம் போட்டுவிடுவேன். பேப்பர் எண்ணெயைக் குடித்துச் சுற்றிலும் மஞ்சள் வளையம் கட்டும். மேலே நிற்கும் கெட்டியை வழித்துத் தட்டில் வைத்தால் பனி நிற்கிறது. லிக்விட் ஒயிட்டுக்கு டைட்டானியம் ஒயிட்டில் ஆளிவிதை எண்ணெய் கலந்தால் போதும். இரண்டு இஞ்சு பிரஷ் ஹார்டுவேர் கடையில் வாங்கியது. முதல் இரண்டு படத்துக்கு வானத்தில் மயிர் பறக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

தின்னரில் கழுவிய பிரஷை படம் நிற்கும் ஸ்டாண்டின் காலில் படபடவென்று அடித்து, பிசாசை விரட்டுவதாகச் சொல்லிச் சிரிப்பாரே, அதை மட்டும் வீட்டுக்குள் செய்யாதீர்கள். எங்கள் ஃபிரிட்ஜ் கதவில் பிரஷ்யன் ப்ளூ இன்னும் இருக்கிறது.

அரைத்தூரிகை | 15 நவம்பர் 2025, இரவு 11.20

சொல்ல மறந்தது. அவர் பெயிண்ட் தட்டைப் பாருங்கள். கண்ணாடி போன்ற பிளாஸ்டிக். ஸ்டூடியோ விளக்கு பட்டுப் பளபளக்காமல் இருக்க உப்புத்தாள் போட்டுத் தேய்த்திருப்பார்கள். அதைப் பிடித்திருக்கும் இடது கையில் ஆள்காட்டி விரலின் நுனி இருக்காது. ஒன்பதாம் வகுப்போடு படிப்பை விட்டுவிட்டு அப்பாவோடு தச்சு வேலைக்குப் போனபோது போனது.

அரைத்தூரிகை | 17 நவம்பர் 2025, இரவு 9.15

"அந்தக் குரல் நடிப்பா?" என்று சின்னப்பொண்ணு கேட்டிருக்கிறார்.

நடிப்பு என்று சொல்ல மாட்டேன். முடிவெடுத்துப் பழகிய குரல். 1942இல் ஃபுளோரிடாவின் டேடோனா பீச்சில் பிறந்தவர், வளர்ந்தது ஆர்லாண்டோ. மலையும் இல்லை, பனியும் இல்லை, தட்டைப் பூமி. 1961இல் விமானப்படையில் சேர்ந்து இருபது வருடம் இருந்தார். விமானம் ஓட்டியவர் இல்லை, மருத்துவப் பதிவேடு பார்க்கிற வேலையில் தொடங்கினார். அலாஸ்காவில் ஐல்சன் விமானத் தளத்துக்கு மாற்றினார்கள். முதன்முதலாகப் பனிமலை பார்த்தது அங்கேதான். நீங்கள் அலுத்துக்கொள்ளும் அதே மலை, அதே ஊசியிலை மரம், எல்லாம் அங்கிருந்து வந்த சரக்கு.

அங்கே மருத்துவமனைப் பிரிவின் முதல் சார்ஜென்ட் ஆனார். கக்கூஸ் கழுவ வைப்பது, படுக்கையை ஒழுங்காக மடிக்க வைப்பது, தாமதமாக வந்தவனைப் பார்த்துக் கத்துவது. இந்த வேலையை விட்டு வந்தால் இனி யாரையும் பார்த்துக் கத்தமாட்டேன் என்று தீர்மானித்ததாக அவரே சொல்லியிருக்கிறார். நாம் கேட்பது அந்தத் தீர்மானத்தின் குரல்.

வேகமும் அங்கே வந்ததுதான். வேலைக்கு நடுவில் கிடைத்த கொஞ்ச இடைவேளைக்குள் ஒரு படம் முடித்தாக வேண்டும். தங்கம் அரிக்கிற தட்டுகளின் உட்புறத்தில் அலாஸ்கா காட்சி வரைந்து சுற்றுலாக்காரர்களுக்கு விற்றார். இதெல்லாம் டிவிக்கு முன்னால். கலைக்கூடத்துக்காக வரைந்து தோற்றுப்போய் டிவிக்கு வந்தவர் அல்ல அவர். தொடக்கமே சந்தைதான்.

அரைத்தூரிகை | 18 நவம்பர் 2025, காலை 8.00

குரு விஷயம் வராமல் இந்தப் பேச்சு முழுமையாகாது. கிழக்குப் பிரஷ்யாவில் பிறந்த பில் அலெக்ஸாண்டர். 1974 முதல் அமெரிக்கப் பொதுத் தொலைக்காட்சியில் எண்ணெய் ஓவியம் கற்றுக்கொடுத்தவர். ஈரத்தின் மேல் ஈரம், பெரிய பிரஷ், அரை மணிக்குள் ஒரு படம் எல்லாமே அவரிடம் உண்டு. பாரில் பரிமாறிக்கொண்டிருந்தபோது டிவியில் அவரைப் பார்த்த பாப் ராஸ், தேடிப் போய்க் கற்றுக்கொண்டார். அவர் கம்பெனிக்காக ஊர் ஊராகப் போய் வகுப்பும் எடுத்தார். சீடனிடம் குரு தூரிகையை ஒப்படைக்கிற மாதிரி விளம்பரம் எடுத்தார்கள். முதல் சீசனையே குருவுக்குக் காணிக்கையாக்கினார்.

அப்புறம் வழக்கமான கதை. 1991இல் நியூயார்க் டைம்ஸிடம் கிழவர் குமுறிவிட்டார், நான் பழக்கிய பையன் எனக்குத் துரோகம் செய்துவிட்டான் என்று.

இரண்டு பேர் நிகழ்ச்சியையும் அடுத்தடுத்துப் பாருங்கள். அலெக்ஸாண்டர் கையில் தெம்பு அதிகம். பிரஷைத் துணியில் அறைவார், உற்சாகத்தில் கத்துவார், நம்மைக் கேட்காமலே படம் ஓடும். பாப் ராஸ் அதே வேலையைச் செய்துகொண்டு, "இங்கே ஒரு மரம் வைப்போமா? உங்கள் உலகம், உங்கள் இஷ்டம்" என்று நம்மிடம் அனுமதி கேட்பார். முறை குருவுடையது, அந்தப் பேச்சு சீடனுடையது. சனங்கள் எதற்காக உட்கார்ந்தார்கள் என்பது தெரிந்ததுதான். பார்த்தவர்களில் முக்கால்வாசிப் பேர் வாழ்க்கையில் பிரஷையே தொட்டதில்லை.

அரைத்தூரிகை | 18 நவம்பர் 2025, காலை 8.10

பாப் ராஸின் சுருட்டைமுடி நிஜமா என்று கேட்பவர்களுக்கு: முடி நிஜம்தான், சுருள் நிஜமில்லை. சலூன் செலவை மிச்சம் பிடிக்கப் பெர்ம் செய்துகொண்டார். அது பெயிண்ட் டப்பாவில் முத்திரையாகிவிட்டது, அப்புறம் மாற்ற முடியவில்லை. அவருக்கே அது பிடிக்காதாம். ஐம்பது ரூபாய் மிச்சம் பிடிக்கப் போய் ஆயுள் தண்டனை.

அரைத்தூரிகை | 21 நவம்பர் 2025, இரவு 10.05

டிவி நிலையங்களிடம் நிகழ்ச்சிக்குக் காசு வாங்கவில்லை என்று யாரோ எழுதியதும் "தியாகி" என்று பட்டம் கொடுத்துவிட்டார்கள். தியாகியெல்லாம் இல்லை. நிகழ்ச்சி இலவசம், பிழைப்பு பெயிண்ட், பிரஷ், புத்தகம், வகுப்பு. அரை மணி நேர விளம்பரம் என்றுகூடச் சொல்லலாம். நிகழ்ச்சியில் கடையைப் பற்றி அனேகமாகப் பேச மாட்டார், அது கெட்டிக்காரத்தனம்.

இந்த வியாபாரத்தின் பின்னால் இருந்தது கோவால்ஸ்கி தம்பதி. மகனைக் கார் விபத்தில் பறிகொடுத்துப் படுத்துக்கிடந்த அனெட் கோவால்ஸ்கியை அவர் கணவர் 1982இல் ஃபுளோரிடாவின் க்ளியர்வாட்டரில் ஓர் ஓவிய வகுப்புக்குக் கூட்டிக்கொண்டு போனார். அனெட் கற்றுக்கொள்ள நினைத்தது அலெக்ஸாண்டரிடம். கிடைத்தது பாப் ராஸ். ஐந்து நாள் வகுப்பில் படத்தைவிட அந்தப் பேச்சுதான் அவரைத் தூக்கி நிறுத்தியது. இதை பாட்டிலில் அடைத்து விற்க வேண்டும் என்று தோன்றியதாம். நல்ல எண்ணமும் வியாபாரப் புத்தியும் ஒரே நொடியில் வந்திருக்கின்றன, எனக்கு இதில் முரண் எதுவும் தெரியவில்லை.

1983 ஜனவரியில் முதல் நிகழ்ச்சி, வர்ஜீனியாவில். அடுத்த சீசனில் இருந்து இந்தியானாவின் மன்சி என்ற சின்ன ஊர். 1994 மே வரை 31 சீசன், 403 நிகழ்ச்சி. ஜப்பானில் என்எச்கே தொலைக்காட்சி டப்பிங் செய்து போட்டது. அங்கேயும் அதே கிறுக்கு.

பாப் ராஸ் பெயரில் நடந்த கம்பெனியில் நான்கு பங்குதாரர்கள்: பாப், அவர் மனைவி ஜேன், கோவால்ஸ்கி தம்பதி. 1992இல் ஜேன் புற்றுநோயில் இறந்தார். அவர் பங்கு மற்ற மூவருக்கும் பிரிந்தது. கணக்குப் போட்டுப் பாருங்கள், மூன்றில் இரண்டு பங்கு ஒரே வீட்டுக்குப் போய்விட்டது. 1995 ஜூலை 4, லிம்ஃபோமா, 52 வயதில் பாப் போனார். பெயருக்கும் முகத்துக்கும் யார் சொந்தம் என்று வழக்கு. மகன் ஸ்டீவ் 2017இல் கம்பெனி மேல் போட்ட வழக்கு 2019இல் தோற்றது. 2021இல் நெட்ஃப்ளிக்ஸ் இதை ஆவணப்படமாக எடுத்து, கம்பெனி அதை மறுத்து, ஊரே இரண்டு கட்சியானது.

நான் கட்சி சேரவில்லை. ஸ்டீவ் அந்த நிகழ்ச்சியில் வந்து வரைந்ததைப் பார்த்திருக்கிறேன். கை அப்பாவைவிட நேர்த்தி. மலை போடும்போது அப்பாவைவிட அதிகம் யோசிப்பார். அந்தக் கைக்கு அப்பாவின் பெயரைப் போட்டு விற்க உரிமை கிடைக்கவில்லை என்பது சட்டப்படி சரியாகவே இருக்கலாம், மனசு ஒப்பவில்லை.

அரைத்தூரிகை | 22 நவம்பர் 2025, மதியம் 1.45

வியாபாரம் என்று நேற்று எழுதியதைப் படித்துவிட்டு "அப்படியானால் எல்லாம் பொய்யா" என்று கேட்பவர்கள், இரண்டாவது சீசனில் சாம்பல் நிறத்திலேயே ஒரு படம் போட்டாரே, அதைப் பாருங்கள். ஒரு மாலில் வரைந்து காட்டியபோது ஒருவர் வந்து, எனக்கு நிறக்குருடு, எல்லாமே சாம்பலாகத்தான் தெரியும், என்னால் வரைய முடியாது என்று சொல்லியிருக்கிறார். பதிலுக்கு ஒரு முழு நிகழ்ச்சியையே கருப்பு வெள்ளையில் வரைந்து காட்டினார். அந்த வாரம் டப்பா டப்பாவாக மஞ்சளும் சிவப்பும் விற்றிருக்காது.

எனக்கு ஓவியம் சொல்லிக்கொடுத்த டிராயிங் மாஸ்டர் ஒருவர் இருந்தார். பள்ளி பெயர் வேண்டாம். ஃப்ரீஹேண்ட் தேர்வுக்குக் குடம் வரைய வேண்டும், நடுக்கோட்டுக்கு இரண்டு பக்கமும் ஒரே அளவு. என் குடம் வலது பக்கம் சாய்ந்திருந்தது. சிவப்பு மையில் பெரிதாகப் பெருக்கல் குறி போட்டு, தாளை வகுப்பு முழுக்கச் சுற்றவிட்டார். ஹையர் கிரேடு வரை பாஸ் செய்தேன், சர்டிபிகேட் பீரோவில் இருக்கிறது, அதற்கப்புறம் கல்யாணமாகி மகள் கல்லூரிக்குப் போகும் வரை வரையவில்லை. அவள்தான் போனில் பாப் ராஸைப் போட்டுக் காட்டினாள். ஒரு மரம் கோணலாகப் போய்விட்டது. மனிதர் அதைப் பார்த்துச் சந்தோஷப்பட்டார். பக்கத்தில் இன்னொரு மரம் வைத்தார், இதற்கு ஒரு தோழன் வேண்டும் என்று. அவ்வளவுதான்.

மாஸ்டருக்கு மலை வரையத் தெரியாமல் இல்லை, பாப் ராஸைவிட நன்றாகவே வரைவார். கரித்துண்டு சார், இதைத்தான் முதல் நாளில் இருந்து சுற்றிச் சுற்றிச் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

அரைத்தூரிகை | 24 நவம்பர் 2025, இரவு 8.50

"அப்படியானால் சினிமா பேனர் வரைந்தவர்களும் ஓவியர்களா?" என்று கரித்துண்டு மடக்கப் பார்க்கிறார். ஆமாம் சார். நாற்பதடி பேனரைக் கட்டம் பிரித்து இரண்டு ராத்திரியில் முடித்தவரை ஓவியர் என்று சொல்லாமல் வேறு யாரைச் சொல்வது? ஃப்ளெக்ஸ் வந்து அவர்களைத் தூக்கிச் சாப்பிட்டது. அவர்கள் கற்றுக்கொடுத்ததை யாரும் படம் பிடித்து வைக்கவில்லை, அந்த வருத்தம் எனக்கு உண்டு. இதைத் தனி இழையாகப் பேசலாம், இங்கே இழுத்தால் பாப் ராஸ் காணாமல் போய்விடுவார்.

அரைத்தூரிகை | 26 நவம்பர் 2025, காலை 6.50

ஏலத்துக்கு வருகிறேன், எல்லோரும் விலையையே பேசுவதால்.

அவர் உயிரோடு இருந்தபோது இந்தப் படங்களை விற்பதில் அவருக்கு அக்கறை இல்லை. நிறைய, பொதுத் தொலைக்காட்சி நிலையங்களுக்கு நிதி திரட்டக் கொடுத்தார். உங்கள் படம் அருங்காட்சியகத்துக்குப் போகாது என்று டோனஹ்யூ என்ற டிவி பேட்டி நிகழ்ச்சியில் சீண்டியபோது, போகலாம், ஆனால் அமெரிக்காவின் தேசிய அருங்காட்சியகமான ஸ்மித்சோனியனுக்குப் போகாது என்றார் சிரித்துக்கொண்டே. 2019இல் ஸ்மித்சோனியனே பெற்று வைத்துக்கொண்டது. அதே வருடம் நியூயார்க் டைம்ஸ் வர்ஜீனியாவில் கம்பெனி அலுவலகத்துக்குப் போய்ப் பார்த்தால், 1,165 படங்கள் அட்டைப்பெட்டியில் அடுக்கியிருக்கின்றன. 2023இல் முதல் நிகழ்ச்சிப் படத்துக்கு ஒரு மினியாபோலிஸ் காலரி போட்ட விலை 98.5 லட்சம் டாலர். விலை போட்டார்கள் என்றுதான் சொல்கிறேன்.

இந்த மாத ஏலம் வேறு. அமெரிக்க அரசு இந்த வருடம் பொது ஒளிபரப்புக்கான நிதியை வெட்டிவிட்டது. சின்ன ஊர் நிலையங்கள் நிகழ்ச்சி வாங்கவே திண்டாடுகின்றன. அவற்றுக்காக 30 படங்களை ஏலம் விடுகிறார்கள், முதல் மூன்றுதான் நீங்கள் பார்த்த செய்தி. எனவே அந்த ஆறு லட்சத்தை அவர் திறமைக்கான மதிப்பெண்ணாக எடுத்துக்கொள்ள வேண்டாம், குறைவாகவும் வேண்டாம், அதிகமாகவும் வேண்டாம். நிலையத்துக்குப் பணம் போனால் சரி.

"இணையம் ஊதியது" என்பதற்கும் ஒரு வரி. 2015இல் வீடியோ கேம் நேரலைத் தளமான ட்விட்ச் அவர் பிறந்தநாளில் தொடங்கி எல்லா நிகழ்ச்சியையும் ஒன்பது நாள் விடாமல் ஓட்டியது, 56 லட்சம் பேர் எட்டிப் பார்த்தார்கள். வீடியோ கேம் ஆடுகிற பையன்கள். இறந்து இருபது வருடம் கழித்து. ஊதினால் ஒரு வாரம் நிற்கும். பத்து வருடம் கழித்து இதோ நாம் சண்டை போட்டுக்கொண்டிருக்கிறோம்.

அரைத்தூரிகை | 26 நவம்பர் 2025, இரவு 9.30

மணல்மேடு, அக்ரிலிக்கில் முடியுமா என்றால் முடியாது. பத்து நிமிடத்தில் காய்ந்துவிடும், ஈரத்தின் மேல் ஈரம் என்பதற்கே இடமில்லை. எண்ணெய்தான் வேண்டும். முடித்த படம் காய வாரக்கணக்கில் ஆகும், மழைக்காலத்தில் இன்னும் கூடும். குழந்தை கை எட்டாத சுவரில் மாட்டுங்கள். புத்தகம் வாங்க வேண்டாம், நிகழ்ச்சிகள் யூடியூபில் அவர் பெயரில் உள்ள சேனலிலேயே இலவசம். மலை வேண்டாம், முதலில் வானமும் தண்ணீரும் மட்டும் உள்ள ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். போட்டதும் இங்கே போட்டோ போடுங்கள். கரித்துண்டு மதிப்பெண் போடுவார்.